கிணறு கூடுதலாகத் தந்தால் கவனி: எண்ணெய் ரிக்கில் அறிகுறி வழியே கோளாறு கண்டறிதல்

வேலூர் மாவட்டத்து அணைக்கட்டு, ஒடுகத்தூர்ப் பக்கத்துக் கொல்லைகளில் ஆழ்துளைக் கிணறு போடும் போர் வண்டி வந்து நின்றால், ஆயிரம் அடி போயும் வெறும் கல்தூள் புகையாகப் பறந்துகொண்டிருக்கும். திடீரென்று துளைவாய் ஈரமாகித் தண்ணீர் பீறிடும் அந்த நொடியில் நிலத்துக்காரர் கற்பூரம் ஏற்றிவிடுவார். அந்த வண்டியில் ராடு மாட்டும் ஆளாகத்தான் நான் வேலையைத் தொடங்கினேன். பின்னர் எண்ணெய்க் கிணறு தோண்டும் ரிக்கில் சேர்ந்தபோது முதலில் மறக்க வேண்டியிருந்தது அந்த மகிழ்ச்சியைத்தான். நாம் உள்ளே அனுப்புவதைவிடக் கூடுதலாக ஏதேனும் வெளியே வந்தால், நம் ஊர் போர் வண்டிக்கு அது வெற்றி. எண்ணெய் ரிக்குக்கு அது ஆபத்து. பாகாயத்திலும் ராணிப்பேட்டையிலும் டிப்ளமா முடித்துவிட்டு ரிக் வேலைக்குப் போகும் தம்பிகள் என்னிடம் கேட்கும் கேள்விகளை வைத்தே இந்த வழிமுறையை எழுதுகிறேன்.

வேலூர் மண்ணுக்கு அடியில் இருப்பது நைஸ், சார்னோகைட் போன்ற பழைய பளிங்குருப் பாறை. எண்ணெய் அங்கே உருவாவதும் இல்லை, தங்குவதும் இல்லை. அது பெரும்பாலும் படிவுப் பாறையில் கிடைப்பது. தமிழ்நாட்டில் அதற்குக் காவிரிப் படுகைக்குத்தான் போக வேண்டும். பாறை மாறுவதால் துளையிடும் முறையும் மாறுகிறது. நம் ஊரில் கம்ப்ரசர் காற்று அடியில் உள்ள ஹாமரை இயக்கிப் பாறையைக் கொத்துகிறது. தூளை மேலே தள்ளுவதும் அதே காற்றுதான். எண்ணெய் ரிக்கின் ரோட்டரி முறையில் பிட் என்ற துளைமுனை சுழன்று பாறையை அரைக்கிறது அல்லது சீவுகிறது. மட் என்று ரிக்கில் சொல்லப்படும் துளைச்சேறு, குழாயின் உள்ளே இறங்கி, பிட்டிலுள்ள நாசில் என்ற சிறு துவாரங்கள் வழியாகப் பாய்ந்து, குழாய்க்கும் துளைச்சுவருக்கும் இடையிலுள்ள வளைய இடைவெளி வழியாகப் பாறைத்துகளைச் சுமந்துகொண்டு மேலே திரும்புகிறது. இந்தச் சேறு துகளை மட்டும் சுமப்பதில்லை. தன் எடையால் அடியிலுள்ள வாயுவையும் எண்ணெயையும் அடக்கி வைத்திருப்பதும் அதுவே. ஆகவே கோளாறு எதுவானாலும், கீழே என்ன நடக்கிறது என்ற செய்தியை நமக்குக் கொண்டுவருவது பெரும்பாலும் இந்தச் சேறுதான்.

முதலில் எந்த ரிக்கில் நிற்கிறோம் என்று பாருங்கள்

ஒரே அறிகுறி எல்லா ரிக்கிலும் ஒரே பொருள் தருவதில்லை. நில ரிக்கில் தளத்துக்குக் கீழேயுள்ள குழியில், துளைச்சுவரைக் காக்கும் கேசிங் குழாயின் தலைமேல், பி.ஓ.பி. என்ற வெடிப்புத் தடுப்பான் நிற்கிறது, கையெட்டும் தூரம். ஆழமில்லாத கடலில் வேலை செய்யும் ஜாக்-அப் ரிக், தன் கால்களைக் கடல்தரையில் ஊன்றி உடலை அலைக்கு மேலே தூக்கிக்கொள்வதால், துளையிடும் நேரத்தில் ஏறக்குறைய நிலம் போலவே அசையாமல் இருக்கும். அதன் தடுப்பானும் மேலேயே இருக்கும். 1973-இல் ஜப்பானில் கட்டப்பட்டு 1974-இல் மும்பைக்கு அப்பால் கடலில் உள்ள பம்பாய் ஹை எண்ணெய் வயலின் முதல் கிணற்றைத் தோண்டிய சாகர் சாம்ராட் இந்த வகையைச் சேர்ந்தது. ஆழம் கூடினால் கால் எட்டாது. அங்கே மிதக்கும் செமி-சப்மெர்சிபிளோ டிரில்ஷிப்போ வேண்டும். தடுப்பான் கடல்தரையில் இருக்க, அதிலிருந்து ரிக் வரை ரைசர் என்ற பெருங்குழாய் சேற்றை ஏற்றிவரும். மிதக்கும் ரிக்கில் சேற்றுத் தொட்டியின் அளவும், குழாயைத் தாங்கும் கொக்கியில் தெரியும் எடையும் அலையோடு சேர்ந்து ஏறி இறங்கும் என்பதை மட்டும் இப்போதைக்கு மனத்தில் வையுங்கள்.

ஷிஃப்ட் ஏற்றவுடன் ஐந்து எண்களை எழுதிக்கொள்ளுங்கள்: பம்பின் நிமிட ஸ்ட்ரோக் (நிமிடத்துக்கு எத்தனை அடி அடிக்கிறது), ஸ்டாண்ட்பைப் அழுத்தம் (பம்பிலிருந்து சேறு ஏறும் குழாயில் காட்டுவது), கொக்கி எடை, டார்க் (குழாயைச் சுழற்றும் முறுக்குவிசை), செயலில் உள்ள தொட்டிகளின் மொத்தக் கொள்ளளவு. கோளாறு என்பது இந்த எண்களிலிருந்து விலகல்தான். தொடக்க எண் தெரியாதவருக்கு விலகலும் தெரியாது.

அறிகுறி: ஸ்ட்ரோக் மாறவில்லை, அழுத்தம் மெல்ல இறங்குகிறது

இதைத்தான் பலரும் அலட்சியம் செய்கிறார்கள், ஏனென்றால் துளையிடுதல் நிற்பதில்லை. காவிரிப் படுகையில் ஒரு நில ரிக்கில் நான் இரவு ஷிஃப்டில் இருந்தபோது, சதுர செ.மீ.க்கு 140 கிலோவில் நின்ற அழுத்தம் ஒரு மணி நேரத்தில் 133-க்கு வந்தது. பம்பின் வால்வு தேய்ந்திருக்கும் என்று முடிவு கட்டி, ஒவ்வொரு வால்வாக மாற்றிக்கொண்டே விடியும் வரை ஓட்டினோம். கடைசியில் குழாயை மேலே இழுத்தபோது, ஓர் இணைப்பின் மரைக்கு அருகே விரல் நுனி நுழையும் அளவுக்கு ஓட்டை இருந்தது. அதன் விளிம்பு அரம் போட்டுத் தேய்த்ததுபோல் வழவழப்பாக இருந்தது. சேறு உள்ளிருந்து பீறிட்டுப் பீறிட்டு எஃகையே அரித்திருக்கிறது. இன்னும் சற்று நேரம் சுழற்றியிருந்தால் குழாய் அந்த இடத்தில் முறிந்து, கீழ்ப்பகுதி முழுவதும் கிணற்றிலேயே தங்கியிருக்கும். அதை மீட்க நாள்கணக்கில் ஃபிஷிங் வேலை நடந்திருக்கும்.

சரியான வரிசை இதுதான். முதலில் மேற்பரப்பைப் பாருங்கள்: ஏதாவது வால்வு கசிந்து சேற்றைத் தொட்டிக்கே திருப்பி விடுகிறதா, உறிஞ்சும் தொட்டியில் நுரை கட்டிப் பம்பு காற்றை இழுக்கிறதா என்று கவனியுங்கள். அடுத்து, இரண்டு பம்புகளையும் தனித்தனியாக ஒரே ஸ்ட்ரோக்கில் ஓட்டி அழுத்தத்தை ஒப்பிடுங்கள். ஒன்று மட்டும் குறைவாகக் காட்டினால் கோளாறு அந்தப் பம்பில் இருக்கிறது. இரண்டும் ஒரே அளவு குறைந்திருந்தால் சந்தேகத்தைக் குழாய்க்கு மாற்ற வேண்டும். அழுத்தம் பாய்வின் அளவுக்கு நேர்விகிதத்தில் மாறுவதில்லை, ஏறக்குறைய அதன் வர்க்கத்தின்படி மாறுகிறது என்பதையும் மறக்க வேண்டாம். பாய்வு பத்தில் ஒரு பங்கு குறைந்தாலே அழுத்தம் கிட்டத்தட்ட ஐந்தில் ஒரு பங்கு விழும். குழாயில்தான் ஓட்டை என்று உறுதியானால் சுழற்றுவதை நிறுத்தி, இழுக்கும்போது ஒவ்வோர் இணைப்பையும் துடைத்து விளக்கு வெளிச்சத்தில் பாருங்கள்.

மெல்ல இறங்காமல் சட்டென்று விழுந்தால் கணக்கு வேறு. கொக்கி எடை அப்படியே இருந்தால் பிட்டிலிருந்து ஒரு நாசில் கழன்றிருக்கலாம். கொக்கி எடையும் சேர்ந்து குறைந்திருந்தால் குழாய் முறிந்துவிட்டது. இவை எதுவும் இல்லாமல் அழுத்தம் குறைந்து ஸ்ட்ரோக் தானாகக் கூடினால், இந்தப் பகுதியை விட்டுவிட்டு, கிணறு கூடுதலாகத் தரும் அறிகுறிக்கு உடனே போங்கள்.

அறிகுறி: அழுத்தம் ஏறுகிறது

டார்க் மாறாமல் அழுத்தம் ஒரே தாவலில் ஏறினால், குழாய்க்குள் விழுந்த ஏதோ ஒரு துண்டோ துருப்பிடித்த படலமோ நாசிலை அடைத்திருக்கும். களிமண் பாறையில் வேகம் குறைந்துகொண்டே வர, அழுத்தம் சிறிது சிறிதாக ஏறினால், பிட்டின்மேல் களிமண் உருண்டையாக அப்பிக்கொண்டிருக்கும். ஏரிமண் ஒட்டிய உழவுக்கொழு போலப் பிட் பாறையைத் தொடாமல் வழுக்கும். பிட்டைச் சற்றுத் தூக்கி, பாய்வையும் சுழற்சியையும் கூட்டிக் கழுவிப் பார்க்கலாம்.

அழுத்தமும் டார்க்கும் சேர்ந்து ஏறி, குழாயைத் தூக்கும்போது கூடுதல் இழுவையும் காட்டினால், துகள்கள் வளைய இடைவெளியை அடைத்துக்கொண்டிருக்கின்றன. அப்போது பம்பை வேகமாக ஓட்டிப் பிளந்துவிடலாம் என்று நினைப்பது தவறு. அடைப்புக்குக் கீழே ஏறும் அழுத்தம் பாறையையே உடைத்துவிடும். பம்பைக் குறைத்து, சிக்கிய அழுத்தத்தை வடித்துவிட்டு, குழாயைக் கீழ்நோக்கி அசைத்துப் பாருங்கள். மேலே இழுத்தால் அடைப்பு ஆப்புப்போல இறுகும்.

அறிகுறி: கிணறு கூடுதலாகத் தருகிறது

இங்கே நிதானமாகப் படியுங்கள், ஏனென்றால் ரிக்கில் நிதானமாக யோசிக்க நேரம் கிடைக்காது. திரும்பி வரும் பாய்வு கூடுவது, தொட்டி மட்டம் உயர்வது, துளையிடும் வேகம் திடீரென்று கூடுவது, பம்பை நிறுத்திய பிறகும் கிணறு ஓடிக்கொண்டிருப்பது ஆகிய நான்கில் எது தென்பட்டாலும், கிக் நடக்கிறது என்றே எடுத்துக்கொள்ள வேண்டும். அதாவது பாறையிலுள்ள வாயுவோ எண்ணெயோ தண்ணீரோ சேற்றின் எடையை மீறிக் கிணற்றுக்குள் புகுகிறது.

பொய்யான காரணங்களும் உண்டு. டெரிக் என்ற கோபுரத்தில் நிற்கும் டெரிக்மேன் வேறொரு தொட்டியிலிருந்து சேற்றை மாற்றியிருக்கலாம். மட் என்ஜினியர் சேற்றைக் கனமாக்கும் பாரைட் தூளைச் சேர்த்துக்கொண்டிருக்கலாம். முன்பு விரிசலுக்குள் போன சேற்றைப் பாறை திருப்பித் தரலாம். மிதக்கும் ரிக்கில் கப்பல் சாய்ந்ததால் ஒரு தொட்டியின் அளவுகோல் மட்டும் ஏறியிருக்கலாம். ஆனால் கிணறு பாய்கிறதா என்று பார்ப்பதற்கு முன்னால் இந்தக் காரணங்களைத் தேடி ஓடக் கூடாது. சுழற்சியை நிறுத்துங்கள், குழாய் இணைப்பு, தடுப்பானில் குழாயைக் கவ்வி மூடும் ராமுக்கு நேரே நில்லாதபடி குழாயைத் தூக்குங்கள், பம்பை நிறுத்துங்கள், சேறு திரும்பி வரும் ஃப்ளோலைனை நேரில் நின்று பாருங்கள். பாய்ந்தால் கிணற்றை மூடுங்கள். ரிக்கின் மேலாளரான டூல்புஷரை எழுப்பி அனுமதி கேட்டுவிட்டு மூடலாம் என்று காத்திருக்க வேண்டாம். கிணற்றை மூடும் அதிகாரமும் பொறுப்பும் துளையிடுதலை இயக்கும் டிரில்லருக்கு உண்டு. பொய் எச்சரிக்கைக்காக மூடியதற்குக் கோபித்துக்கொள்பவர் அந்தப் பதவிக்குத் தகுதியற்றவர் என்பது என் உறுதியான கருத்து.

தாமதம் ஏன் இவ்வளவு கெடுதல் என்பதை ஒரு கணக்கு சொல்லும். 300 கிலோ அழுத்தத்தில் அடியில் ஒரு கன மீட்டர் வாயு புகுந்தால், வெப்ப வேறுபாட்டை விட்டுவிட்டுப் பார்த்தாலும், மேலே வரும்போது அது ஏறக்குறைய 300 கன மீட்டராக விரிகிறது. அந்த விரிவின் பெரும்பகுதி கடைசிச் சில நூறு மீட்டரில் நடக்கிறது. அதனால்தான் நெடுநேரம் ஒன்றுமில்லாததுபோல் தோன்றி, பிறகு ஒரே வீச்சில் சேறு டெரிக் வரை எழும்புகிறது. 1995 ஜனவரியில் ஆந்திரத்தின் பாசர்லப்பூடியில் வெடித்த கிணறு அடங்க 65 நாள்கள் ஆயின. 2010 ஏப்ரல் 20 அன்று மெக்சிகோ வளைகுடாவில் மிதக்கும் ரிக் ஒன்றில் 11 பேர் உயிரிழந்த விபத்தில், கிணறு அடைபட்டிருக்கிறதா என்று பார்க்கும் அழுத்தச் சோதனையின் முடிவு தவறாகப் புரிந்துகொள்ளப்பட்டது. எண்கள் கண்முன்னே இருந்தும் அவற்றுக்கு வேறு விளக்கம் சொல்லப்பட்டது.

மூடிய பிறகு மூன்று எண்களை எழுத வேண்டும்: குழாய்ப் பக்கத்து அழுத்தம், கேசிங் பக்கத்து அழுத்தம், தொட்டியில் கூடிய அளவு. சேற்றின் அடர்த்தி எண்ணை மீட்டர்க் கணக்கிலான ஆழத்தால் பெருக்கி 10-ஆல் வகுத்தால், அடியில் அது தரும் அழுத்தம் சதுர செ.மீ.க்கு இத்தனை கிலோ என்று கிடைக்கும். 2500 மீட்டர்க் கிணற்றில் 1.20 அடர்த்திச் சேறு 300 கிலோ தருகிறது. மூடியபின் குழாய்ப் பக்கம் 25 கிலோ காட்டினால் பாறையின் அழுத்தம் 325 கிலோ. அதை அடக்க 1.30 அடர்த்தி வேண்டும்.

எண்ணளவில் 0.10 சிறிதாகத் தெரியும். ஆனால் 100 கன மீட்டர்ச் சேற்றை 1.20-இலிருந்து 1.30-க்கு ஏற்ற ஏறக்குறைய 14.5 டன் பாரைட் தேவை. 50 கிலோ மூட்டைக் கணக்கில் 290 மூட்டைகள். சரக்கு ரிக்கில் இருக்கிறதா என்று கிக் வந்தபின் தேடக் கூடாது. 4.2 அடர்த்தி கொண்ட இந்தக் கனிமத்தின் பெரும் படிவு நமக்கு அருகிலேயே, சித்தூரைத் தாண்டிக் கடப்பைத் திசையில் மங்கம்பேட்டையில் இருக்கிறது. கையில் ஒரு கட்டியைத் தூக்கிப் பார்த்தால், கல்லின் அளவுக்குப் பொருந்தாத கனம் உள்ளங்கையில் இறங்கும். அந்தக் கனம்தான் கிணற்றை அடக்குகிறது.

டிரில்ஷிப்பில் ஒரு கூடுதல் ஆபத்து உண்டு. தடுப்பான் கடல்தரையில் இருப்பதால், நாம் கவனிப்பதற்குள் வாயு அதைத் தாண்டி ரைசருக்குள் வந்துவிட்டிருந்தால், கீழே மூடியும் மேலே உள்ளது வந்தே தீரும். ஆகவே அங்கே சேற்றை டைவர்ட்டர் வழியாகக் கடலுக்கு மேல் திருப்பிவிட்டு, ஆள்களைத் தளத்திலிருந்து விலக்க வேண்டும்.

அறிகுறி: கிணறு குறைவாகத் திருப்பித் தருகிறது

சேறு விரிசலுக்குள்ளோ குகை போன்ற பொந்துகளுக்குள்ளோ போகிறது. சுண்ணாம்புப் பாறையில் இது அதிகம். பம்பாய் ஹையில் எண்ணெயைத் தாங்கி நிற்கும் அடுக்கும் சுண்ணாம்புப் பாறைதான். சேறு தேவைக்கு மேல் கனமாக இருப்பதும், குழாயை வேகமாக இறக்கி அடியில் அழுத்தத்தைத் தள்ளுவதும் நாம் உண்டாக்கும் காரணங்கள்.

இழப்பு சிறிதானால் பாய்வைக் குறைத்து, அப்ரகச் செதில், வால்நட் ஓட்டுத்தூள், கால்சியம் கார்பனேட் போன்ற அடைப்புப் பொருள்களைச் சேற்றில் கலந்து அனுப்பலாம். முழு இழப்பானால் பம்பை நிறுத்தி, வளைய இடைவெளியைத் தண்ணீரால் நிரப்பி, எவ்வளவு கொண்டது என்று அளந்து எழுத வேண்டும். 1.20 அடர்த்திச் சேற்றின் மட்டம் 100 மீட்டர் இறங்கினாலே அடியில் 12 கிலோ அழுத்தம் போய்விடுகிறது. மேலடுக்கில் சேற்றைக் குடிக்கும் அதே கிணறு கீழடுக்கிலிருந்து வாயுவை வெளியே விடும் நிலை இப்படித்தான் வருகிறது. குறைவு என்ற அறிகுறி கவனிக்கப்படாவிட்டால் கூடுதல் என்ற அறிகுறியாக மாறும்.

அறிகுறி: குழாய் நகரவில்லை

சிக்கியவுடன் பலத்தைக் காட்டாமல் மூன்று கேள்விகளைக் கேளுங்கள். சிக்குவதற்கு முன் குழாய் நகர்ந்துகொண்டிருந்ததா, நின்றுகொண்டிருந்ததா? சேறு தடையில்லாமல் சுற்றுகிறதா? சுழற்ற முடிகிறதா?

நகர்ந்துகொண்டிருக்கும்போது சிக்கி, சுற்றோட்டமும் தடைப்பட்டிருந்தால், துகளோ இடிந்த பாறையோ அடைத்திருக்கிறது. நம் ஊர் போர் வண்டிக்காரர்களுக்கு இது பழக்கமானது. இடையில் பொறுக்குக்கல் விழுந்து ஹாமர் மாட்டிக்கொள்வதும் இதே வகைதான்.

நின்றுகொண்டிருக்கும்போது சிக்கி, சேறு மட்டும் தாராளமாகச் சுற்றினால், அது அழுத்த வேறுபாட்டால் ஒட்டிக்கொண்டது. போர் வண்டியில் இது நேர்வதே இல்லை என்பதால் புதியவர்களுக்கு நம்புவதற்குக் கடினமாக இருக்கும். கிணற்றின் அழுத்தம் பாறையின் அழுத்தத்தைவிட 20 கிலோ கூடுதலாக இருந்து, குழாய் 10 மீட்டர் நீளத்துக்கு 10 செ.மீ. அகலத்தில் மணற்பாறைச் சுவரில் படிந்தால், அதை அழுத்திப் பிடிக்கும் விசை 200 டன். உராய்வு ஐந்தில் ஒரு பங்கு என்றாலும் அசைக்க 40 டன் கூடுதல் இழுவை வேண்டும். நேரம் ஆக ஆக ஒட்டும் பரப்பு கூடும். இதற்கு மருந்து, வழுக்கும் திரவத்தை அந்த இடத்தில் நிறுத்தி ஊறவிடுவதும், கிக் வராத எல்லைக்குள் சேற்றின் எடையைக் குறைப்பதும், குழாயில் பொருத்திய ஜார் என்ற அதிர்வுக் கருவியால் தட்டுவதும்தான். அதைவிட நல்லது, மணற்பாறைக்கு எதிரே குழாயைச் சும்மா நிற்கவிடாதிருப்பது. இணைப்பு மாட்டும் இடைவெளியில் டீ குடிக்கப் போனதால் சிக்கிய குழாய்களை நான் பார்த்திருக்கிறேன்.

அறிகுறி: டார்க் துடிக்கிறது, வேகம் குறைகிறது

மூன்று கூம்பு பிட் பல மணி நேரம் ஓடியபின் டார்க் ஒழுங்கான இடைவெளியில் துள்ளினால், ஒரு கூம்பின் பேரிங் போய்விட்டது. கூம்பு கழன்று விழுவதற்குள் மேலே இழுங்கள். செயற்கை வைரப் பற்கள் கொண்ட பி.டி.சி. பிட்டில் டார்க் ஏறி ஏறி விடுபட்டால், குழாய் முறுக்கிக்கொண்டு நின்று நின்று சுழல்கிறது; பிட்மேல் உள்ள எடையைக் குறைத்துச் சுழற்சியைக் கூட்டுங்கள். இரண்டிலும், சேற்றிலிருந்து துகளைச் சலித்தெடுக்கும் ஷேல் ஷேக்கருக்குப் போய்த் துகளை உள்ளங்கையில் எடுத்துப் பாருங்கள். பாறையே மாறியிருந்தால் பிட்டைக் குறை சொல்ல வேண்டியதில்லை.

அறிகுறி: குழாயை இழுக்கும்போது கிணறு போதிய சேற்றை ஏற்கவில்லை

குழாயை வெளியே எடுத்தால், அதன் எஃகு அடைத்திருந்த இடத்தைச் சேற்றால் நிரப்ப வேண்டும். வழக்கமான 5 அங்குலக் குழாயில் மூன்று துண்டு சேர்ந்த ஸ்டாண்ட் ஐந்தை இழுத்தால் கிணறு ஏறக்குறைய 0.6 கன மீட்டர் கேட்கும். அது 0.4 மட்டும் ஏற்றுக்கொண்டால், மீதி 0.2-ஐப் பாறை நிரப்பியிருக்கிறது என்று பொருள். வேகமாக இழுத்ததால் பிட் ஊசிக்குழாயின் தண்டுபோல வேலை செய்து வாயுவை உறிஞ்சியிருக்கிறது. இங்கே தொட்டி மட்டம் உயராது, எச்சரிக்கை மணி அடிக்காது. இழுக்கும்போது கிணற்றை நிரப்பும் டிரிப் டேங்க் என்ற சிறு தொட்டியின் அளவையும் தாளிலுள்ள கணக்கையும் ஒப்பிடும் கண் ஒன்றுதான் இதைப் பிடிக்கும்.

ஆகவே டிரிப் தாளை அவ்வப்போதே நிரப்புங்கள். ஐந்து ஸ்டாண்டுக்கு ஒரு வரி: கேட்க வேண்டியது எவ்வளவு, ஏற்றது எவ்வளவு, வித்தியாசம் எவ்வளவு. இழுத்து முடித்தபின் நினைவிலிருந்து எழுதிய தாளில் எல்லா வரிகளும் அழகாக ஒத்துப்போயிருக்கும். அத்தகைய தாளை நான் வாங்கிக்கொள்வதில்லை. வித்தியாசம் தென்பட்டால் இழுப்பதை நிறுத்தி, பாய்வு இருக்கிறதா என்று பாருங்கள். பாய்ந்தால் மூடுங்கள். பாயாவிட்டாலும் மேற்கொண்டு இழுக்காமல் குழாயைத் திரும்ப அடிவரை இறக்கி, அடியில் உள்ள சேறு ஷேக்கருக்கு வந்து சேரும் வரை சுற்றவிட்டு, அதில் வாயு இருக்கிறதா என்று பார்த்த பிறகு, முன்னைவிட மெதுவாக மறுபடி இழுக்கத் தொடங்குங்கள்.